பெறுவதற்குப் பத்தின வயசு, வளர்ப்பதற்குப் பத்தாதா?

நேற்று கானாடுகாத்தானில் ஒரு கல்யாண வீடு. முகூர்த்தம் முடிந்து பந்தி நடந்துகொண்டிருந்தது. மடியில் இருந்த என் மகள் சிணுங்க ஆரம்பித்தாள். அவளுக்கு ஐந்தரை மாதம். கையைச் சுருட்டி வாயில் வைத்துக்கொண்டு, தலையைத் திருப்பித் திருப்பி என் நெஞ்சில் முட்டினாள். பசி. அது எனக்குத் தெரியும். ஐந்தரை மாதமாக ராத்திரி பகல் பார்க்காமல் அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டிருப்பவள் நான். நடு முற்றமான வளவைத் தாண்டி, வீட்டின் பின்பகுதியான இரண்டாம் கட்டில் ஓர் ஓரமாக உட்கார்ந்து பால் கொடுக்கலாம் என்று எழுந்தேன்.

நாலு எட்டு வைப்பதற்குள் உறவுக்காரப் பெரியம்மா ஒருவர் எதிரே வந்தார். "குடுத்தா இங்கிட்டு. நீயே சின்னப் புள்ள, உனக்கு என்னத்தா தெரியும்?" என்று சொல்லிக்கொண்டே கையிலிருந்து பிள்ளையை வாங்கிவிட்டார். வாங்கினார் என்பது மரியாதைக்குச் சொல்வது. பிடுங்கினார். "பெரியம்மா, பசிக்குது அவளுக்கு" என்றேன். காதிலேயே வாங்கவில்லை. ஒருவர் உரம் விழுந்திருக்கிறது என்றார். ஒருவர் கண்ணேறு என்றார். இன்னொருவர் வயிற்று வலிதான், வசம்பைச் சுட்டு உரசி வை என்றார். அதற்குள் ஒரு கை அவளை முகப்புக்கே கொண்டுபோய்விட்டது. நான் பின்னாலேயே போகிறேன், பிள்ளை கைமாறிக்கொண்டே போகிறது. அழுது அழுது முகம் செம்பருத்திப் பூவாகிவிட்டது. கடைசியில் ஒருவர் தன் கிண்ணத்தில் இருந்த பால் பணியாரத்துப் பாலை விரலால் தொட்டு அவள் நாக்கில் வைத்துவிட்டார். தாய்ப்பால் தவிர எதுவும் படாத நாக்கு. "பாரு, சப்புக் கொட்டுறா" என்று சிரிப்பு வேறு. என் ரவிக்கை நனைந்துபோய் நிற்கிறேன், என் பிள்ளை இருபத்தைந்து நிமிடம் பசியில் கதறுகிறாள், அந்த முகப்பில் இருந்த அத்தனை பேருக்கும் நான் ஒன்றும் தெரியாத சின்னப் பிள்ளை.

இதே பெரியம்மாவை எனக்கு வேறொரு முகத்தோடும் தெரியும். அதைச் சொல்லாவிட்டால் நெஞ்சு ஆறாது.

இருபத்தொரு வயதில் எனக்குக் கல்யாணம். வீட்டுக்காரர் சிங்கப்பூரில் வேலை. இரண்டு மாத லீவில் வந்து தாலி கட்டிவிட்டுப் போனார். அந்த இரண்டு மாதத்துக்குள் எத்தனை பேர் என்னைத் தனியே கூப்பிட்டு, "மாப்பிள்ள பிளைட் ஏறுறதுக்குள்ள நல்ல சேதி சொல்லிடணும்" என்று சொன்னார்கள் தெரியுமா? அவர் போன பிறகும் விடவில்லை. கொப்புடை அம்மன் கோயிலில் பார்த்தால், திங்கட்கிழமைச் சந்தையில் பார்த்தால், துக்க வீட்டில் பார்த்தால்கூட முதல் கேள்வி, "ஏதும் விசேஷம் உண்டா?" புருஷன் கடல் தாண்டி இருக்கிறார், நான் இங்கே இருக்கிறேன். கேட்பவர்களுக்கு அது நன்றாகத் தெரியும். தெரிந்துதான் கேட்டார்கள். இந்தப் பெரியம்மா ஒருபடி மேலே போய், பள்ளத்தூர் பஸ்ஸில் எல்லார் முன்னாலும், "தள்ளிப் போடுறீகளாக்கும்? இந்த வயசுல பெக்காம எந்த வயசுல பெக்கப்போற?" என்று கேட்டார். அன்றைக்கு நான் அவர் கண்ணுக்குச் சின்னப் பிள்ளையாகத் தெரியவில்லை. வயசு பத்தியது. பிள்ளை பிறந்த மறுநிமிடம் அதே வயசு பத்தாமல் போய்விட்டது.

என் ஆத்திரமெல்லாம் இதுதான். பெறு பெறு என்று நெருக்கியவர்கள், பெற்ற பிறகு ஒரு நாள்கூட என் பிள்ளையை நம்பி என் கையில் விடவில்லை.

இது வயிற்றில் இருக்கும்போதே ஆரம்பித்துவிட்டது. எனக்கு ரத்தத்தில் ஹீமோகுளோபின் 9.2 கிராம்தான் இருந்தது. கர்ப்பிணிக்கு 11க்குக் குறைந்தாலே ரத்தசோகை. ஊருக்கு வரும் கிராம சுகாதாரச் செவிலியர் அட்டையில் எழுதி, இரும்புச் சத்து மாத்திரை கொடுத்து, விடாமல் போடச் சொல்லிவிட்டுப் போனார். மாத்திரை அட்டை இரண்டு நாளில் அலமாரியிலிருந்து காணாமல் போனது. கேட்டால், "அதப் போட்டா புள்ள கறுப்பாப் பொறக்கும்" என்கிறார்கள். அதற்குப் பதிலாகத் தினமும் ராத்திரி பாலில் குங்குமப்பூ. பிள்ளையின் நிறம் தாய் தகப்பன் வழியில் வருவது. மாத்திரையும் மாற்றாது, குங்குமப்பூவும் மாற்றாது. 2019-21 தேசிய குடும்பநலக் கணக்கெடுப்பில் தமிழ்நாட்டுக் கர்ப்பிணிகளில் 48 சதவீதம் பேருக்கு ரத்தசோகை இருந்தது. கிட்டத்தட்டப் பாதிப் பேர். படி ஏறினால் மூச்சு வாங்கி, கண் இருட்டிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நான் நின்றிருக்கிறேன். "நாங்கள்லாம் அந்தக் காலத்துல பத்துக் குடம் தண்ணி தூக்குனோம்" என்றார்கள். நான் செவிலியரிடம் இன்னொரு அட்டை வாங்கி அரிசி டப்பாவுக்குள் ஒளித்து வைத்துச் சாப்பிட்டேன். என் உடம்புக்கான மாத்திரையை என் வீட்டில் நானே ஒளித்து!

வேலையும் இப்படித்தான் போனது. பி.காம் முடித்து ஒரு ஜவுளிக்கடையில் பில் போடும் இடத்தில் இருந்தேன். ஐந்தாம் மாதம் முதலாளி கூப்பிட்டு ரொம்பப் பாசமாக, "வீட்ல இருந்து உடம்பப் பாத்துக்கம்மா, புள்ள பெருசானதும் பாக்கலாம்" என்றார். நான் கேட்டேனா? இல்லை. பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் கடையில், முதல் இரண்டு பிரசவத்துக்கும் 26 வாரம் சம்பளத்தோடு விடுப்பு என்பது 2017 முதல் சட்டம். கடை ஊழியர்களுக்கு உட்கார இருக்கை கொடுத்தாக வேண்டும் என்று தமிழ்நாட்டுச் சட்டமன்றம் 2021லேயே சட்டம் போட்டது. என்னோடு சேலைப் பிரிவில் இருந்த ஒரு பெண் ஏழு மாத வயிற்றோடு காலை ஒன்பதரையிலிருந்து நின்றாள். சாயங்காலம் அவள் காலில் செருப்பு நுழையாது. இதையெல்லாம் கேட்டு ஒரு மனு எழுதலாம் என்று நான் வீட்டில் சொன்னபோது, "வாயும் வயிறுமா இருக்குறப்ப என்னத்தா வம்பு, நல்லதாப் போச்சுன்னு இரு" என்று மூடிவிட்டார்கள். அன்றைக்கு எழுதாமல் விட்டது இன்றைக்கும் எரிகிறது.

பிரசவம். வலி வந்து பதினாலு மணி நேரம் ஆகியும் கர்ப்பப்பை வாய் திறக்கவில்லை. குழந்தையின் நாடித்துடிப்பு இறங்க ஆரம்பித்ததும் டாக்டர் அம்மா ஆபரேஷனுக்குக் கொண்டுபோனார். இரண்டு உயிரும் பிழைத்தது. பார்க்க வந்தவர்கள் கேட்டது, "சுகப்பிரசவமா?" இல்லையென்று அம்மா சொன்னதும், "இந்தக் காலத்துப் புள்ளைக எங்க வலி தாங்குதுக" என்று ஓர் இழுப்பு. அதே கணக்கெடுப்புப்படி தமிழ்நாட்டில் நூறு பிரசவத்தில் 45 சிசேரியன். இது இவ்வளவு இருக்கலாமா, தனியார் மருத்துவமனையில் ஏன் இன்னும் கூடுகிறது என்றெல்லாம் கேட்க வேண்டியதுதான். அதை மருத்துவமனையிடம் கேளுங்கள், அரசாங்கத்திடம் கேளுங்கள். வயிற்றில் தையலோடு படுத்திருப்பவளிடம் கேட்காதீர்கள். அவள் தாங்கிய வலியை அளந்து பார்க்க நீங்கள் யார்?

அடுத்த பேச்சு, "பொம்பளப் புள்ளையா? சரி, அடுத்தது பையனாப் பொறக்கட்டும்." பிறப்பது ஆணா பெண்ணா என்பது அப்பனின் அணுவால் தீர்மானமாவது என்று பத்தாம் வகுப்புப் பாடத்தில் படித்தோம். ஆறுதல் மட்டும் எனக்குச் சொல்கிறார்கள். தையல் பிரிக்கவில்லை, அதற்குள் அடுத்த பிள்ளை!

பிறந்த பிள்ளையின் நாக்கில் முதன்முதலாக இனிப்பைத் தொட்டு வைக்கிற சேனை வைப்பதுதான் எல்லாவற்றுக்கும் உச்சம். சேனை வைப்பவர் குணம் பிள்ளைக்கு வரும் என்பது ஊர் நம்பிக்கை. யார் வைப்பது என்று கட்டிலைச் சுற்றி நின்று இரண்டு பக்கத்துச் சொந்தமும் முறைத்துக்கொண்டது. தேன் பாட்டில் தயாராக இருந்தது. ஆறு மாதம் வரை தாய்ப்பால் தவிர வேறு எதுவும் வேண்டாம் என்று நர்ஸ் காலையில்தான் சொல்லிவிட்டுப் போயிருந்தார். ஒரு வயசுக்குள் தேன் கொடுத்தால் அதில் இருக்கக்கூடிய கிருமி குடலில் வளர்ந்து, பிள்ளையின் தசையெல்லாம் செயலிழந்து போகும் ஆபத்து உண்டு. நான் எழுந்து உட்காரக்கூட முடியாமல், "வேண்டாம், குடுக்காதீக" என்று சொன்னேன். திரும்பிப் பார்த்தவர்கள், "மயக்கம் தெளியல, அவ கெடக்கா" என்றார்கள். நான் கத்தினேன். தையல் இழுத்தது. நர்ஸ் ஓடிவந்து பாட்டிலை வாங்கிக்கொண்டு போனார். அன்றிலிருந்து எனக்கு ஊரில் வைத்த பேர், வாயாடி.

பால் பத்தவில்லை என்று தினம் ஒருவர் சொல்லும்போது ஒரு பெண்ணுக்கு என்ன ஆகும் என்று யோசித்தீர்களா? பூண்டுக் குழம்பும் சுறாப் புட்டும் செய்து கொடுத்தார்கள், அந்த அன்பை நான் மறுக்கவில்லை. ஒவ்வொரு கவளத்துக்கும் கூடவே, "பால் ஊறுதா?" என்று ஒரு கேள்வி வந்தது. பிள்ளை எடை சரியாக ஏறிக்கொண்டுதான் இருந்தது; அட்டையில் எழுதியிருக்கிறது. பத்தாம் நாள் காரணம் தெரியாமல் அழ ஆரம்பித்தேன். மூன்று வாரம் நிற்கவே இல்லை. பச்சை உடம்புக்காரி, பயந்திருப்பாள் என்று மந்திரிக்கக் கூட்டிப் போனார்கள். பிரசவத்துக்குப் பிறகு சில நாள் மனசு கலங்குவது பலருக்கும் வருவது. இரண்டு வாரம் தாண்டியும் போகாவிட்டால் டாக்டரைப் பார்க்க வேண்டிய நோய் அது. 104க்குப் போன் போட்டாலே வழி சொல்வார்கள். எனக்கு அதைச் சொன்னது மறுபடியும் அந்தச் செவிலியர்தான். அவர் ஒருவர்தான் எப்போதும் என்னிடம் கேட்டு, நான் சொல்வதை எழுதிக்கொள்வார். மற்றவர்கள் என்னைப் பற்றி என் மாமியாரிடம் கேட்பார்கள், நான் பக்கத்திலேயே இருக்கும்போது.

முத்துலட்சுமி ரெட்டி பெயரில் அரசு தரும் 18,000 ரூபாய் மகப்பேறு உதவியில், ரொக்கம் தாயின் வங்கிக் கணக்குக்கே வருகிறது. அந்த அம்மையார் 1886இல் பக்கத்துப் புதுக்கோட்டையில் பிறந்தவர். பெண்பிள்ளை காலேஜுக்கு வருவதா என்று எதிர்த்தவர்களை மீறிப் படித்து டாக்டரானவர். அவர் பெயரில் என் கணக்குக்கு வரும் பணத்தை எடுக்கும் கார்டு என்னிடம் இல்லை. "சின்னப் புள்ள, தொலச்சிருவ" என்று வாங்கி வைத்துவிட்டார்கள். ஜவுளிக்கடையில் தினமும் லட்சக்கணக்கில் பில் போட்டுக் கல்லாவை ஒப்படைத்தவள் நான்.

நேற்றைய கதைக்கு வருகிறேன். முகப்பில் அழுதுகொண்டிருந்த பிள்ளையை வாங்கி என் கையில் கொடுத்தது, எண்பது வயதைத் தாண்டிய ஓர் ஆச்சி. எங்கள் பக்கத்து வீடு. "ஏத்தா, பெத்தவ நிக்கிறா, அவகிட்ட குடுங்க" என்றார். ஒரே வார்த்தை, கூட்டம் விலகியது. என்னை இரண்டாம் கட்டுக்குக் கூட்டிப்போய், தூணோரம் உட்காரவைத்து, தன் கண்டாங்கி முந்தானையை விரித்து மறைப்பாகப் பிடித்துக்கொண்டு நின்றார். ஆத்தங்குடிக் கல்லின் குளிர்ச்சியில் பிள்ளை குடித்துக் குடித்து அடங்கினாள்.

அப்போது சொன்னார். "எனக்குப் பதினேழு வயசு, தலச்சன். அவுக பினாங்குக்குக் கொண்டு விக்கப் போயிட்டாக. புள்ளய என் கையில குடுக்கவே மாட்டாக. பசிச்சா கொண்டாந்து குடுப்பாக, குடிச்சதும் தூக்கிட்டுப் போயிருவாக. உனக்கு ஒண்ணும் தெரியாதும்பாக. மூணு வயசு வரைக்கும் எம் புள்ள என்னய அம்மான்னு கூப்பிடல."

சொல்லிவிட்டு முந்தானையைச் சரியாக இழுத்துப் பிடித்தார். எனக்கு அழுகை வந்துவிட்டது. அறுபது வருஷத்துக்கு மேல் ஆகியும் அந்த அம்மாவுக்கு அது ஆறவில்லை.

வருகிற மாதம் குன்றக்குடியில் பாப்பாவுக்குச் சோறூட்டு. யார் மடியில் வைப்பது, யார் முதல் வாய் ஊட்டுவது என்று இரண்டு வீட்டிலும் பேச்சு ஆரம்பமாகிவிட்டது. என்னிடம் யாரும் கேட்கவில்லை. நேற்று ராத்திரி வீட்டுக்காரரை வீடியோ காலில் கூப்பிட்டுச் சொல்லிவிட்டேன், மாமியாரையும் பக்கத்தில் வைத்துக்கொண்டே. மடி யாருடையதாக வேண்டுமானாலும் இருக்கட்டும். முதல் வாய்ச் சோறு என் கையால்தான்.