குவைத்தில் இருக்கும் மனைவிக்கு அழைப்பாணை

அண்ணா, “மனைவி குவைத்தில் என்றால் அழைப்பாணை (வழக்குக்கு வரச் சொல்லும் நீதிமன்றக் கட்டளை) தேவையில்லை, லயத்துக் (தோட்டத்து வரிசை வீட்டுக்) கதவில் ஒட்டினால் போதும், மூன்று மாதத்தில் விவாகரத்து” என்று எழுதியிருக்கிறீர்கள். இதை நம்பி இலங்கையில், ஹட்டனில் யாராவது வழக்குப் போட்டால் மாட்டிக்கொள்வார்.

மூன்று மாதக் கணக்கு வேறு. முதல் தீர்ப்பு வந்த பிறகு அது இறுதியாவதற்கான காலம் அது. அழைப்பாணைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

ஆள் வெளிநாட்டில் என்று தெரிந்தே தோட்ட முகவரியைக் கொடுப்பதுதான் பெரிய தப்பு. அழைப்பாணைகளை வெளிநாட்டில் சேர்ப்பிப்பது பற்றிய 1965ஆம் ஆண்டு ஹேக் உடன்படிக்கையில் இலங்கை 2000இல் சேர்ந்தது. குவைத்தும் அதில் இருக்கிறது. அதனால் மாவட்ட நீதிமன்ற அழைப்பாணையை நீதி அமைச்சு வழியாகவே அங்கே அனுப்பலாம். மாதக்கணக்கில் இழுக்கும், சரி, அதற்காகக் கதவில் ஒட்டுவதா? பத்திரிகை விளம்பரம்கூட நீதிபதி அனுமதித்தால்தான்.

அப்புறம், மனைவி வராமலே ஒருதலையாகத் தீர்ப்பு வாங்கினாலும் அதன் பிரதி அவருக்குச் சேர வேண்டும். கிடைத்து 14 நாளுக்குள், வராததற்குத் தகுந்த காரணம் காட்டி அதை நீக்கச் சொல்லிக் கேட்கலாம். அதற்குள் இங்கே இரண்டாவது கல்யாணம் முடிந்திருந்தால் கணவர் என்ன செய்வார்?