மொரீஷியஸ் வல்லூறு அழியவில்லை

மொரீஷியஸில் நம் கோவில் வாட்ஸ்அப் குழுக்களில், இங்குள்ள சிறு வேட்டைப் பறவையான வல்லூறு (கெஸ்ட்ரல்) பற்றி ஒரு செய்தி சுற்றுகிறது: "மொரீஷியஸ் வல்லூறு 1974-லேயே அழிந்துவிட்டது. இப்போது காட்டில் இருப்பவை கார்ல் ஜோன்ஸ் இந்தியாவிலிருந்து கொண்டுவந்து விட்ட பறவைகள்." இது தவறு.

1974-ல் காட்டில் எஞ்சியதாகத் தெரிந்தவை நான்கே பறவைகள். அதுதான் திரிந்து 'அழிந்துவிட்டது' ஆகியிருக்கிறது போலும். வேல்ஸைச் சேர்ந்த பறவையியலாளர் ஜோன்ஸ் 1979-ல் இங்கு வந்தார். கூட்டிலிருந்து முட்டைகளை எடுத்து அடைகாக்கும் கருவியில் பொரிக்க வைத்தார். முட்டை பறிபோன ஜோடி மறுபடியும் முட்டையிடும், கணக்கு அவ்வளவுதான். அப்புறம் கூண்டில் வளர்ந்தவற்றைக் காட்டில் விட்டு, தீனி வைத்து, கூடு கட்டப் பெட்டிகள் பொருத்தினார்கள். வெளிநாட்டுப் பறவை எதுவும் கலக்கவில்லை. இன்றைய பறவைகள் அந்தக் கடைசிக் காட்டுப் பறவைகளின் வாரிசுகள் என்பதை மரபணு ஆய்வும் காட்டியது.

கண்ணாலேயே பார்த்துக்கொள்ளலாம். இந்திய வல்லூறுக்கு நீண்ட, கூரிய சிறகு; வெட்டவெளியில் ஒரே இடத்தில் சிறகடித்து நிற்கும். நம்முடையதற்குக் குட்டையான, வட்டமான சிறகு. மரங்களுக்கிடையே புகுந்து பல்லி பிடிக்கும். (பழைய ஆட்கள் 'கோழி தின்னி' என்று பிரெஞ்சில் திட்டியது பாவம் இதைத்தான்.)

அதற்காக ஆபத்து நீங்கிவிட்டது என்றும் அனுப்ப வேண்டாம். 2014-ல் அது மறுபடி 'அருகிவரும் இனம்' ஆனது. சந்தேகமிருந்தால் அழியும் ஆபத்திலுள்ள உயிரினங்களின் சர்வதேச சிவப்புப் பட்டியலிலோ, மொரீஷியஸ் வனவிலங்கு அறக்கட்டளையிடமோ சரிபாருங்கள். அந்தச் செய்தி வந்தால் தயவுசெய்து மேலே அனுப்பாதீர்கள்.