களம் போச்சு, நெல் ரோட்டுக்கு வந்துச்சு

குறுவை அறுப்பு நேரத்தில் டெல்டா பக்கம் போகிறவர்கள், பாதி ரோட்டை நெல் அடைத்துக் கிடக்கிறது என்று திட்டுகிறார்கள். திட்டுவது நியாயம்தான், ராத்திரி பைக்கில் வந்து சறுக்கி விழுந்தவர்கள் உண்டு. ஆனால் அந்த நெல் ஏன் ரோட்டுக்கு வந்தது?

கை அறுப்பு காலத்தில் அறுத்த தாள் வயலிலேயே அரி அரியாகக் கிடந்து காயும். அப்புறம் கட்டு கட்டி, தலைச்சுமையாகக் களத்துக்கு வந்து, அடித்து, தூற்றி, மிச்சத்துக்கு மாட்டை விட்டுப் போரடித்து... மூட்டைக்குள் போவதற்கு முன்னாலேயே ஈரம் பாதி இறங்கியிருக்கும். இப்போது செயின் வண்டி, அதாவது அறுத்து நெல்லையும் பிரித்துவிடுகிற மெஷின், இறங்கினால் ஒரு மணி நேரத்தில் ஏக்கர் முடிந்துவிடுகிறது. நிற்கிற பயிரிலிருந்து நேராக டிராக்டர் பெட்டிக்கு. அள்ளிப் பார்த்தால் பச்சைத் தாள் துணுக்கோடு கையில் ஒட்டும். குவித்து வைத்தால் ராத்திரிக்குள் உள்ளே சூடு ஏறிவிடும். நெல்லை வாங்குகிற அரசு கொள்முதல் நிலையத்திலோ ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. அக்டோபர் மழையில் அது எங்கே நடக்கும்? 22 வரைக்கும் தளர்த்துங்கள் என்று 2022-ல் தமிழக அரசு கேட்டது, டெல்லி 19 வரைக்கும்தான் ஒத்துக்கொண்டது.

அடிப்பதே இல்லை, களம் எதற்கு என்று ஊர்க்களத்தை நாமும் விட்டுவிட்டோம். சில ஊரில் அங்கே கட்டடமே எழும்பிவிட்டது. மிச்சம் இருக்கிற சமதளம் தார் ரோடு ஒன்றுதான்.

பழசை நினைத்து உருகுகிற பதிவு இல்லை இது. கூலியைக் கூட்டிக் கேட்ட சண்டையில் 1968-ல் கீழவெண்மணியில் 44 பேரைக் குடிசையோடு எரித்த மண் இது. அரிவாள் காலத்தைப் பொற்காலம் என்று சொல்ல எனக்கு வாய் வராது. (அறுப்புக் கூலியாக வீட்டுக்கு வந்த நெல் நின்றுபோன பெண்களிடம் கேட்டால் வேறு பதில் வரும், அதையும் மறைக்கவில்லை.) மாடும் குறைந்துவிட்டது, வைக்கோல் உருளை உருளையாகக் கேரளாவுக்கு லாரி ஏறுகிறது.

வண்டி வேண்டாம் என்று யாரும் சொல்லப் போவதில்லை, ஆளும் கிடைக்காது. அறுப்பை மெஷினுக்கு மாற்றிய வேகத்தில் காயவைக்கிற வேலையை மாற்றவில்லை என்பதுதான் என் கோபம். தனியாளுக்கு மானியத்தில் வண்டி கொடுப்பதற்கு முன்னால், நிலையத்துக்கு ஒரு சிமெண்டுக் களமும் உலர்த்துகிற மெஷினும் வையுங்கள். டீசல் காசை மூட்டைக்கு இவ்வளவு என்று எங்களிடமே பிடித்துக்கொள்ளுங்கள். முளை விட்ட நெல்லைத் திரும்ப வீட்டுக்கு ஏற்றி வருவதைவிட அது குறைச்சலாகத்தான் வரும்.