படத்தில் இல்லாத பயணம்

"அடுத்தவன் படத்துக்கு இரண்டாம் பாகம் எடுக்கிற ஆள்" என்று யாரையாவது மட்டம் தட்டினால் எனக்கு ரூல் ரெய்னேதான் ஞாபகத்துக்கு வருவார். நெதர்லாந்துக்காரர். 1999-ல் 'தி டெலிவரி' படத்துக்காக அந்த நாட்டின் தங்கக் கன்று விருதைச் சிறந்த இயக்குநராக வாங்கியவர். சரி, இனி பெரிய ஆளாகிவிடுவார் என்று பார்த்தால், ஹாலிவுட்டுக்குப் போய் 'தி மரைன் 2', 'டெத் ரேஸ் 2', 'ஸ்கார்பியன் கிங் 3' என்று நேராக டிவிடிக்குப் போகிற படங்களாக எடுத்துத் தள்ளினார்.

அதைச் சறுக்கல் என்று நான் சொல்லமாட்டேன். குறைந்த காசு, குறைந்த நாள், கேமராவும் தானே பிடிப்பது என்று பழகின கை அது. 2015-ல் வந்த 'மிகீல் டி ராய்ட்டர்' பாருங்கள், புரியும். 17-ஆம் நூற்றாண்டு டச்சுக் கடற்படைத் தளபதியின் கதை. கடற்போர்க் காட்சிகளில் புகை அதிகம். பீரங்கிக் குண்டு பட்டதும் மரச்சிலாம்பு தெறித்து ஆட்களைக் கிழிக்கிறது. அந்தக் காலக் கப்பல்களில் குண்டைவிடச் சிலாம்புக்குத்தான் பயம். கேமரா கப்பலின் மேல்தளத்தில் நிற்கும்போது நமக்கும் மூச்சு முட்டுகிறது.

ஆனாலும் என் மனசில் நின்றது கடல் இல்லை. 1672 ஆகஸ்ட் 20, ஹேக் நகரம். நாட்டை நடத்திவந்த யோஹான் டி விட்டையும் அண்ணன் கொர்னேலிஸையும் சொந்த ஊர்க் கூட்டமே அடித்துக் கொன்று கிழித்துப் போட்ட நாள். நிஜத்திலேயே ஒருவர் நாக்கும் மற்றவர் விரலும் இன்றுவரை ஹேக் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. ரெய்னே இங்கே கண்ணை மூடவில்லை.

என் சண்டை வேறு. 1664-65-ல் டி ராய்ட்டர் மேற்கு ஆப்பிரிக்கா போனார். ஆங்கிலேயர் பிடித்திருந்த கோட்டைகளை மீட்டு, அடிமை வியாபாரம் செய்த டச்சுக் கம்பெனியிடமே திருப்பிக் கொடுத்தார். படத்தில் அந்த வியாபாரத்தைப் பற்றி மூச்சே இல்லை. படம் வெளியானபோது ஆம்ஸ்டர்டாமில் சிலர் எதிர்ப்புத் தெரிவித்ததும் இதற்குத்தான். அந்தக் காலத்தில் நம்ம பழவேற்காட்டிலிருந்தும் டச்சுக்காரர்கள் ஆட்களை விலைக்கு வாங்கிப் பத்தாவியாவுக்கு (இன்றைய ஜகார்த்தா) கப்பலேற்றியவர்கள்தான். தேசத்துக்குள் நடந்த கொலையைக் காட்டத் துணிந்தவருக்கு, தேசம் வெளியே செய்ததைக் காட்டக் கை வரவில்லை. இரண்டரை மணி நேரத்தில் இடமில்லை என்றால் நம்பமாட்டேன். தளபதியின் வீட்டுக் காட்சிகளில் இரண்டை வெட்டியிருந்தாலே போதும்.

2018-ல் 'ரெட்பாட்' எடுத்தார். வடக்கு நெதர்லாந்துக் கடலோரத்து ஃப்ரீசிய மக்களின் மன்னன் ரெட்பாட் ஞானஸ்நானத் தொட்டியில் ஒரு காலை வைத்துவிட்டு, "என் முன்னோர்கள் எங்கே?" என்று கேட்டானாம். "நரகத்தில்" என்றதும் காலை வெளியே எடுத்துக்கொண்டானாம். கதை என்றால் இது! அதற்காகத்தான் உட்கார்ந்தேன். வாள்சண்டைகளில் பாதியிலேயே எனக்குக் கண் சொருகிவிட்டது. நெதர்லாந்திலும் படம் ஓடவில்லை.

டி ராய்ட்டரை மட்டும் இன்னொரு தடவை பார்ப்பேன். அந்தச் சிலாம்புக்காக.