கோர்ட் யாருக்கும் கடை வாங்கித் தராது

கடை ஏலத்திலோ லைசென்ஸிலோ அநியாயம் நடந்தால் நம்மவர்கள் வாயில் முதலில் வருவது, "ஒரு ரிட் போட்டா எல்லாம் சரியாயிடும்" (ரிட் என்றால் அரசின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்திலோ உச்ச நீதிமன்றத்திலோ போடும் மனு). போடலாம், தப்பே இல்லை. ஆனால் அதில் என்ன கிடைக்கும், என்ன கிடைக்காது என்பதை முன்கூட்டியே யாரும் சொல்வதில்லை. வக்கீல்கள்கூட ஃபீஸ் வாங்கும்வரை சொல்வதில்லை (வக்கீல் நண்பர்கள் கோபிக்க வேண்டாம்).

இந்த விஷயத்தில் இன்றுவரை எல்லாரும் மேற்கோள் காட்டுவது 1979-ல் வந்த ரமணா தயாராம் ஷெட்டி வழக்கின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. பம்பாய் விமான நிலையத்தில் ஒரு இரண்டாம் தர உணவகமும் இரண்டு ஸ்நாக் பாரும் நடத்த 1977-ல் டெண்டர் விட்டார்கள். பதிவு பெற்ற இரண்டாம் தர ஹோட்டல்காரராக இருக்க வேண்டும், குறைந்தது 5 வருட அனுபவம் வேண்டும் என்பது நிபந்தனை. ஆனால் எடுத்தவரோ கேன்டீன் நடத்தியவர், அந்தப் பதிவு அவரிடம் இல்லை. வழக்குப் போட்டவர் டெண்டரில் கலந்துகொள்ளவே இல்லை என்பதுதான் வேடிக்கை. ஆனால் அவர் தரப்பில் வைத்த வாதம் அருமையானது: நிபந்தனையைப் பார்த்துத்தானே எங்களைப் போன்றவர்கள் ஒதுங்கிக்கொண்டோம், நீங்களே அதைத் தளர்த்துவீர்கள் என்று தெரிந்திருந்தால் நாங்களும் வந்திருப்போமே!

நீதிபதி பகவதி அந்த வாதத்தை ஏற்றுக்கொண்டார். அரசு தனியார் முதலாளி மாதிரி பிடித்தவருக்குக் கொடுத்துவிட முடியாது, தான் போட்ட நிபந்தனைக்குத் தானே கட்டுப்பட வேண்டும், இல்லாவிட்டால் அது சட்டத்தின் முன் எல்லாரும் சமம் என்கிற அரசியல் சாசனத்தின் 14-வது பிரிவுக்கு விரோதம் என்று விளக்கமாக எழுதினார். எல்லாம் எழுதிவிட்டு, மனுவைத் தள்ளுபடியும் செய்தார்! வழக்குப் போட்டவருக்கு இதில் உண்மையான அக்கறை இல்லை, வேறொருவருக்காக வந்திருக்கிறார், அதுவும் மாதக்கணக்கில் தாமதமாக வந்திருக்கிறார், அதற்குள் டெண்டர் எடுத்தவர் உணவகத்துக்கு ஒன்றேகால் லட்சம் வரை செலவழித்துவிட்டார் என்பவை காரணங்கள். சட்டம் ஜெயித்தது, கடை யாரிடம் இருந்ததோ அவரிடமே இருந்தது.

என்னைக் கேட்டால் அந்தத் தள்ளுபடியில் எனக்குப் பெரிய வருத்தம் இல்லை. தோற்றவர் எல்லாம் கோர்ட்டுக்குப் போய்த் தடை வாங்கினால் எந்த டெண்டரும் முடியாது. 1994-ல் டாடா செல்லுலார் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது: முடிவு எடுத்த விதத்தைப் பார்ப்போம், முடிவுக்கு மேல்முறையீடு கேட்க நாங்கள் உட்காரவில்லை. நியாயம்தான். ஆனால் இதற்கு அர்த்தம், உங்களை விட அவன் எப்படி உசத்தி என்ற கேள்விக்கு அங்கே பதில் கிடைக்காது என்பதுதான்.

1996-ல் உச்ச நீதிமன்றம் தந்த இரண்டு தீர்ப்புகளுக்குக் கிடைத்த கைத்தட்டல் கொஞ்சநஞ்சமல்ல. மத்திய அமைச்சராக இருந்த சதீஷ் சர்மா தன் விருப்பப்படி கொடுத்த 15 பெட்ரோல் பங்க் ஒதுக்கீடுகள் ரத்தாகி, அவருக்கு 50 லட்சம் அபராதமும் விழுந்தது. டெல்லியில் அரசுக் கடைகளை உறவினர்களுக்கும் வேண்டியவர்களுக்கும் ஒதுக்கியதற்காக முன்னாள் அமைச்சர் ஷீலா கவுலுக்கு 60 லட்சம். மூன்றே வருடத்தில், 1999-ல், சர்மாவின் 50 லட்சத்தை அதே உச்ச நீதிமன்றம் திரும்பப் பெற்றுக்கொண்டது. கைத்தட்டியவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

2002-ல் நடந்தது இன்னும் மோசம். பெட்ரோல் பங்க், கேஸ் ஏஜென்சியெல்லாம் கட்சிக்காரர்களுக்கும் அவர்களின் சொந்தபந்தங்களுக்கும் போனதாகப் பத்திரிகையில் செய்தி வந்ததும், வாஜ்பாய் அரசு 2000 ஜனவரியிலிருந்து கொடுத்த எல்லா ஒதுக்கீட்டையும் மொத்தமாக ரத்து செய்தது. இன்டர்வியூவில் முறையாகத் தேர்வாகி, கடன் வாங்கி டேங்க் இறக்கியவனும் அதில் அடிபட்டான். செய்தியில் பெயர் வந்தவை 400-க்குச் சற்று மேல், ரத்தானவையோ ஆயிரக்கணக்கில். அந்த டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இந்த மொத்த ரத்து செல்லாது என்றது. செய்தியில் வந்தவற்றை மட்டும் ஓய்வுபெற்ற இரண்டு நீதிபதிகள் ஒவ்வொன்றாகப் பார்க்கட்டும் என்றது. இதைத்தான் நல்ல மறுஆய்வு என்பேன், ஃபைலைத் திறந்து பார்க்க வைத்தார்கள். ஆனால் அந்த விவகாரம் முடிய 2007 ஆகிவிட்டது. முறைகேட்டால் பங்க்கை இழந்தவனுக்கு அதற்குள் வயது ஏறியிருக்கும், அவ்வளவுதான்.

அப்படியானால் குலுக்கல் விட்டுவிடலாமே என்பார்கள். ஆந்திராவில் 2024 அக்டோபரில் 3,396 மதுக்கடைகளுக்குக் குலுக்கல் நடந்தது. சிபாரிசுக்கு வேலையில்லை, சரி. ஆனால் விண்ணப்பக் கட்டணம் 2 லட்சம், கடை விழாவிட்டாலும் திரும்ப வராது. விண்ணப்பங்கள் 90 ஆயிரத்தை நெருங்கின. கடை திறக்கும் முன்பே அரசுக்குக் கிட்டத்தட்ட 1,800 கோடி. சூதாட்டக் கிளப்புக்குக்கூட இப்படி ஒரு யோசனை வந்திருக்காது.

நம்மூர் நகராட்சிக் கடை ஏலத்துக்குப் போகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான். உங்களைத் தகுதி நீக்கம் செய்தால் அன்றைக்கே காரணத்தை எழுத்தில் கேளுங்கள், தரவில்லையென்றால் கேட்டதற்கு ரசீது வைத்துக்கொள்ளுங்கள். ஜெயித்தவர் கடைக்கு ஷட்டர் மாட்டும் முன் கோர்ட்டுக்குப் போங்கள், முதலில் இடைக்காலத் தடை கேளுங்கள். ஆறு மாதம் கவுன்சிலர் வீட்டுக்கு நடந்துவிட்டு அப்புறம் ரிட் போட்டால், ஏன் இவ்வளவு நாள் சும்மா இருந்தீர்கள் என்பதுதான் நீதிபதியின் முதல் கேள்வியாக இருக்கும்.