ஆறடித் துணி

சாவு வீட்டில் போடும் கோடியை யாரும் வெறும் துணியாகப் பார்ப்பதில்லை. பிறந்த வீட்டுக் கோடி, சம்பந்தி வீட்டுக் கோடி என்று வரிசை உண்டு. முறை தவறினால் பிணத்தை வைத்துக்கொண்டே சண்டை நடக்கும். போனவர் யாருக்கு என்ன உறவு என்று ஊர் முன்னால் சொல்வது அந்தத் துணிதான்.

தொண்ணூறுகளின் கடைசியில், எங்கள் தெருவில் லாரி ஓட்டிக்கொண்டிருந்த அண்ணன் ஒருவர் இறந்தபோது ஒரு கோடிகூட விழவில்லை. மஞ்சள் காமாலை என்றார்கள். என்ன நோய் என்று தெருவுக்கே தெரியும். பாயோடு சுருட்டிக் கொண்டுபோனார்கள். எனக்குப் பதினைந்து வயது. நானும் திண்ணையை விட்டு இறங்கவில்லை.

எய்ட்ஸில் இறந்தவர்களுக்காகத் துணி துணியாகத் தைத்துச் சேர்த்த அமெரிக்காவின் எய்ட்ஸ் நினைவுப் போர்வையைப் பற்றி எங்கே படித்தாலும் எனக்கு அந்தப் பாய்தான் கண்ணில் நிற்கிறது. 1985 நவம்பரில் சான் பிரான்சிஸ்கோவில், சுட்டுக்கொல்லப்பட்ட தன்பால் ஈர்ப்பு அரசியல்வாதி ஹார்வி மில்க், நகர மேயர் ஜார்ஜ் மாஸ்கோன் நினைவாக மெழுகுவத்தி ஊர்வலம் நடந்தது. எய்ட்ஸில் பறிகொடுத்தவர்களின் பெயரை அட்டையில் எழுதும்படி வந்தவர்களைக் கேட்டுக்கொண்டார் தன்பால் ஈர்ப்பினர் உரிமைப் போராளி கிளீவ் ஜோன்ஸ். மத்திய அரசுக் கட்டடச் சுவரில் ஒட்டிய அந்த அட்டைகள் அவருக்கு ஒட்டுத்துணிப் போர்வையாகத் தெரிந்தன. உடலைத் தொட மறுத்த இறுதிச்சடங்கு நிறுவனங்கள் இருந்த காலம் அது. பெற்ற மகனின் சாவுக்கே வராத குடும்பங்கள் இருந்தன. கூடவே வாழ்ந்து மலம் அள்ளிய காதலனோ சட்டத்தின் கண்ணில் யாரோ ஒருவன். கோடி போட உரிமையில்லாதவர்கள் தாங்களே ஊசியை எடுத்தார்கள்.

1987 இல் ஜோன்ஸ் தன் நண்பர் மார்வின் ஃபெல்ட்மேனுக்கு முதல் துணியைச் செய்தார். மூன்றடிக்கு ஆறடி, அதாவது ஒரு குழியின் அளவு. அந்த அக்டோபர் 11 அன்று வாஷிங்டனின் நேஷனல் மால் திடலில் விரித்தபோது 1,920 துணிகள் இருந்தன. மறு ஆண்டே 8,288. இன்று ஏறத்தாழ ஐம்பதாயிரம் துணிகள், 54 டன் எடை. ஜீன்ஸ், கரடி பொம்மை, சட்டைப் பொத்தான் என்று வீட்டில் மிஞ்சியதையெல்லாம் அதில் வைத்துத் தைத்திருக்கிறார்கள்.

என்னை உலுக்கியது ராய் கோனின் துணி. ஐம்பதுகளில் கம்யூனிஸ்ட் வேட்டை நடத்திய செனட்டர் மெக்கார்த்தியின் வலக்கையாக இருந்த வழக்கறிஞர். தன்பால் ஈர்ப்பினரை அரசு வேலையிலிருந்து விரட்டியதில் பங்குள்ளவர். தானும் அவர்களில் ஒருவர். ஈரல் புற்றுநோய் என்றே கடைசிவரை சாதித்து 1986 இல் இறந்தார். (அங்கேயும் பழி ஈரல் மேல்தான்.) அவருடைய துணியில் மூன்றே சொற்கள்: அடாவடிக்காரன், கோழை, பலியானவன். முதல் இரண்டையும் எழுதக் கோபம் போதும். மூன்றாவதை எழுதிய கையை எனக்குக் கும்பிடத் தோன்றுகிறது.

இதெல்லாம் சாவுக்குப் பூ வைக்கிற வேலை என்று அப்போதே எரிச்சல்பட்டவர்கள் உண்டு. 1992 அக்டோபர் 11 அன்று, இந்தப் போர்வை வாஷிங்டனில் விரிந்துகிடந்தபோதே, எய்ட்ஸ் நோயாளிகளுக்காகப் போராடிய ஆக்ட் அப் இயக்கத்தினர் தங்கள் அன்புக்குரியவர்களின் சாம்பலை வெள்ளை மாளிகைப் புல்வெளியில் வீசினார்கள். அந்தக் கோபம் நியாயமானது. ஆனாலும் தைத்தவர்கள் சாதுக்கள் என்று நான் நம்பவில்லை. ‘இவன் எங்களவன்’ என்று தலைநகரின் நடுவில் ஆயிரக்கணக்கான பெயர்களை உரக்க வாசிப்பதும் சண்டைதான்.

இந்தியாவின் முதல் எச்.ஐ.வி. தொற்றுகள் 1986 இல் சென்னையில்தான் கண்டறியப்பட்டன. டாக்டர் சுனிதி சாலமனும் அவருடைய மாணவி நிர்மலாவும் செய்த வேலை. சோதனைக்கு ரத்தம் கொடுத்த பெண்களின் பெயர் வெளியே வராமல் காப்பதுதான் முறை. ஊர் ஒரு பெயரைக் கிழித்துப் போடுவது வேறு, உரியவர்கள் அதைத் துணியில் தைப்பது வேறு.

அந்த லாரி ஓட்டுநரின் பெயரை இந்தப் பதிவில் இரண்டு முறை எழுதி அழித்தேன். அவர் மனைவி இன்னும் அதே தெருவில் இருக்கிறார். அந்த அக்காவைக் கேட்காமல் எழுத எனக்கு என்ன உரிமை? கேட்கப் போனால், முதலில் அந்தத் திண்ணையைப் பற்றிச் சொல்ல வேண்டியிருக்கும்.