துரோகியாம்!

நேற்றுத் திரையிடலுக்கு வந்தவர்களுக்குத் தெரியும், யாரைச் சொல்கிறேன் என்று. மைக் கைக்கு வந்ததும் அண்ணன் ஒரே வரியில் முடித்துவிட்டார்: வியட்நாம் நடிகர் டான் டுவாங் காசுக்கு விலைபோன துரோகியாம். கைதட்டல் வேறு.

அண்ணே, ‘வீ வேர் சோல்ஜர்ஸ்’ படத்தில் அவருக்கு என்ன வேடம்? 1965-இல் அமெரிக்கப் படையோடு நடந்த இயா திராங் சண்டையில் வட வியட்நாம் படையை நடத்திய நுயென் ஹூ ஆன். மெல் கிப்சன் படம்தான், அமெரிக்கப் பார்வைதான், எனக்கும் கசப்பு உண்டு. ஆனால் எதிர்ப்பக்கத்துக்கும் ஒரு முகம் இருப்பது இந்த மனுஷன் வருகிற காட்சிகளில்தான். அதற்குத்தான் 2002-இல் அவர் ஊர்ப் பத்திரிகைகள் துரோகி என்று எழுதின. பாஸ்போர்ட்டைப் பிடுங்கினார்கள். 2003-இல் குடும்பத்தோடு அமெரிக்கா போனார். 2011 டிசம்பரில் அங்கேயே செத்தும் போனார். வயது 54.

“ஓடிப்போனார்தானே?” என்பீர்கள். துரத்தினால் ஓடாமல்?

என் அப்பா மில் யூனியன் ஆள். ஆண்டுவிழா நாடகத்தில் முதலாளி வேடத்துக்கு ஆள் இல்லை என்று இவர் தலையில் கட்டினார்கள். வாடகைக் கோட்டு, வாயில் சுருட்டு, கூலி கேட்டு வந்தவனுக்கு ஒரு உதை. கூட்டம் கொதித்துவிட்டது. மறுநாளிலிருந்து டீக்கடையில் “வாங்க முதலாளி”. அந்த வருடம் சங்கத் தேர்தலில் தோற்றபிறகு அது கேலியாகத் தெரியவில்லை. அம்மா இன்னமும் சொல்வார்: “கொஞ்சம் மோசமா நடிச்சிருக்கலாம் உங்கப்பா.”

சரி, போர் அந்த மக்களை என்ன செய்தது என்று பாடம் எடுக்க வருபவர்களுக்கு: தெரியும், சாமி. பிள்ளையைப் பறிகொடுத்தவர்களின் கோபத்தோடு நான் வாதாட மாட்டேன். ஏசி ஹாலில் முறுக்கு தின்றபடி கைதட்டிய நமக்கு என்ன கோபம்?

ஏசி என்றதும் ‘த்ரீ சீசன்ஸ்’ ஞாபகம் வருகிறது. 1999 சன்டான்ஸ் படவிழாவில் நடுவர் விருது, பார்வையாளர் விருது இரண்டையும் வாங்கிய படம். அதில் டான் டுவாங் சைகோனில் சைக்கிள் ரிக்‌ஷா ஓட்டுகிறவர். பந்தயத்தில் ஜெயித்த காசைக் கொடுத்து, தான் நேசிக்கும் பாலியல் தொழிலாளியை ஏசி அறைக்கு அழைத்துப் போகிறார். அவள் நிம்மதியாகத் தூங்குவதைப் பார்த்தால் போதும் அவருக்கு, வேறு எதுவும் கேட்கவில்லை. நேற்றுக் கைதட்டியவர்களில் எத்தனை பேர் அதைப் பார்த்திருக்கிறீர்கள்?

இன்பாக்ஸில் என்னை ‘அமெரிக்கக் கைக்கூலி’ என்று வாழ்த்திய தம்பிக்கு நன்றி. கூலி இன்னும் வந்து சேரவில்லை. அடுத்த மாதம் ‘த்ரீ சீசன்ஸ்’ போடச் சொல்லிக் கேட்டிருக்கிறேன். போட்டால், மைக்கை அண்ணனே வைத்துக்கொள்ளட்டும்.